எல்லோரும் உட்கார்ந்தோம்

அமெரிக்காவில் மகன் வீட்டில் இருந்த நாட்களில், மாலை ஆறு மணிக்கே சாப்பிட்டுவிடுவது என்று ஒரு வழக்கம் வைத்துக்கொண்டிருந்தேன். வயதாகிவிட்டது, சீக்கிரம் சாப்பிட்டால்தான் ஜீரணமாகிறது என்று காரணம் சொல்லியிருந்தேன். அது பாதி வாஸ்தவம். மீதிப் பாதியை நானும் சொல்லவில்லை, அவர்களும் கேட்கவில்லை. நான் சைவச் சாப்பாட்டுக்காரன். பேரனும் பேத்தியும் அந்த ஊர்ப் பிள்ளைகள்; எல்லாம் சாப்பிடுவார்கள். நான் ரசம் சாதத்தை முடித்துக்கொண்டு மாடி அறைக்குப் போன பிறகுதான் சமையலறையில் இறைச்சிப் பொட்டலம் பிரிக்கப்படும். பிரிக்கிற சத்தம்கூட எனக்குக் கேட்காதபடி மருமகள் பிரிப்பாள். அத்தனை மரியாதை. அந்த மரியாதையின் நிழலில் இரண்டு மாதம் சௌக்கியமாகத் தனியே சாப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

ஊர் ஏம்ஸ். அயோவா மாநிலத்தின் நடுவில் இருக்கும் பல்கலைக்கழக ஊர். அயோவாவுக்கு இரண்டு பெருமைகள்: ஒன்று மக்காச்சோளம், மற்றொன்று பன்றி. மாநிலத்தின் ஜனத்தொகை சுமார் 32 லட்சம். பன்றிகளோ 2 கோடிக்கும் மேல். தலைக்கு ஆறேழு பன்றி வீதம் வருகிறது. ஆனாலும் அந்த இரண்டு மாதத்தில் நான் ஒரு பன்றியைக்கூடக் கண்ணால் பார்க்கவில்லை. எல்லாம் ஊருக்கு வெளியே, ரயில் வண்டி போல நீண்டு கிடக்கும் கொட்டகைகளுக்குள் இருக்கின்றன. காற்று அந்தப் பக்கமிருந்து திரும்பினால்தான் அவை இருப்பது தெரியும்.

2019 ஜனவரிக் கடைசியில் அங்கே ஒரு குளிர் வந்தது. பாரன்ஹீட் கணக்கில் பூஜ்யத்துக்குக் கீழே 20 டிகிரி. பள்ளிக்கூடங்களை மூடிவிட்டார்கள். வாசல் கதவின் பிடியைக் கையுறை இல்லாமல் தொடாதே என்று பேத்தி எனக்கு உத்தரவு போட்டிருந்தாள். அந்தச் சமயம் பார்த்து அடுத்த வீட்டில் சூடு தரும் யந்திரம் நின்றுபோயிற்று. அங்கே எண்பதை நெருங்கும் ஓர் அம்மாள் தனியாக இருந்தார். பழுது பார்ப்பவர் மறுநாள்தான் வருவார் என்று தெரிந்ததும் மகன் போய் அவரை அழைத்து வந்தான்.

ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு கோட்டுப் போட்டுக்கொண்டு அந்த அம்மாள் உள்ளே நுழைந்தார். கையில் ஒரு கனமான பை. அதிலிருந்து ஒரு நீளமான கண்ணாடிப் பாத்திரமும், வார்ப்பிரும்பு வாணலி ஒன்றும், ஒரு பை உருளைக்கிழங்கும், வெள்ளைக் காகிதத்தில் சுற்றிய பொட்டலம் ஒன்றும் வெளியே வந்தன.

"இன்றிரவுச் சாப்பாடு என் பொறுப்பு. இப்படிப்பட்ட குளிருக்கு ஒரே மருந்துதான் உண்டு," என்றார்.

மருமகள் பொட்டலத்தைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். பொட்டலத்தில் இருந்தது போர்க் சாப்ஸ், அதாவது எலும்போடு சேர்த்துக் கனமாக வெட்டிய பன்றி இறைச்சித் துண்டுகள். நான் வழக்கம்போல, "எனக்கு ஆறு மணிக்கு ரசம் சாதம் போதும் அம்மா," என்றேன். சொல்லிவிட்டேனே தவிர, தப்பிப் போக இடமில்லை. மாடி அறை அன்று ஐஸ் பெட்டியாக இருந்தது. வீட்டிலேயே கதகதப்பான இடம் சமையலறைதான். அந்த அம்மாள் என் கையில் ஒரு கத்தியையும் எதிரே உருளைக்கிழங்கையும் வைத்துவிட்டார்.

சும்மா உட்கார்ந்திருக்கும் ஆண்பிள்ளையைக் கண்டால் எந்தத் தேசத்து மூதாட்டிக்கும் பொறுக்காது போலிருக்கிறது.

தோலைச் சீவினேன். வாழைக்காய் சீவல் போடுகிற கட்டையைப் போன்ற ஒன்றில் தேய்த்து, ஓர் அங்குலத்தில் எட்டில் ஒரு பங்கு கனத்துக்கு வட்டம் வட்டமாக நறுக்கியும் கொடுத்தேன். 3 ராத்தல் கிழங்கு. அதோடு நிறுத்தியிருக்கலாம். நம் வீட்டு வழக்கப்படி, கறுத்துவிடக் கூடாதே என்று வில்லைகளை ஒரு பாத்திரத்துத் தண்ணீரில் போடப் போனேன்.

"ஐயோ, தண்ணீர் வேண்டாம்!" என்று அந்த அம்மாள் பாய்ந்து வந்து தடுத்தார். "மாவெல்லாம் போய்விடுமே. அந்த மாவுதானே பாலைக் கெட்டியாக்க வேண்டும்?"

விஷயம் இதுதான். ஸ்காலப்டு உருளைக்கிழங்கு என்பது பாலில் வேகிற கிழங்கு. கண்ணாடிப் பாத்திரத்தில் வெண்ணெய் தடவி, கிழங்கு வில்லைகளை ஒரு வரிசை அடுக்க வேண்டும். அதன்மேல் மெல்லிய வெங்காயம், உப்பு, மிளகுத்தூள், ஒரு கரண்டி மைதா மாவு, அங்கங்கே பொட்டுப் பொட்டாக வெண்ணெய். மறுபடியும் கிழங்கு. இப்படி மூன்று அடுக்கு. கடைசியில் சூடான பாலை ஓரமாக ஊற்ற வேண்டும், மேல் அடுக்கு மட்டும் தலை நீட்டும்படியாக. பால் நீண்ட நேரம் சூட்டில் இருந்தால் திரிந்து போகப் பார்க்கும். மாவும், கிழங்கின் சொந்த மாவும் பாலின் புரதத்தைக் கட்டி தட்டவிடாமல் காக்கின்றன. கொழுப்பு நீக்கிய பாலாக இருந்தால் திரிவது இன்னும் சுலபம். ஆகையால் முழுப் பாலே நல்லது. இந்த வம்பெல்லாம் வேண்டாம் என்று நினைக்கிறவர்களுக்கு டப்பா சூப் இருக்கிறது. 1934ல் காம்பெல் கம்பெனியார் காளான் சூப்பை டப்பாவில் அடைத்து விற்க ஆரம்பித்த பிறகு, பாலுக்குப் பதில் டப்பாவைத் திறந்து கவிழ்த்துவிடும் வீடுகள் அந்த நாட்டில் ஏராளம். "என் மாமியார் டப்பாக்காரி. நான் பால்காரி. முப்பது வருஷம் இதில் எங்களுக்குள் சமாதானம் ஏற்படவில்லை," என்றார் அந்த அம்மாள்.

மாமியார் மருமகள் சமாசாரமும் எல்லாத் தேசத்துக்கும் பொது.

பெரிய பாத்திரம் நிறைந்ததும், என்னை ஒரு வார்த்தை கேட்காமல், ஒரு சின்னக் கிண்ணத்தில் அதே மாதிரி தனியாக அடுக்கி வைத்தார். "இது உங்களுக்கு. இதன்மேல் எதுவும் வைக்கமாட்டேன்," என்றார். எனக்குச் சங்கடமாக இருந்தது. ரசம் சாதம் என்று மறுபடியும் சொல்ல வாயெடுத்தேன், சொல்லவில்லை.

இறைச்சித் துண்டுகளில் உப்பும் மிளகும் தூவி, வாணலியில் இரண்டு பக்கமும் பொன்னிறமாக வாட்டினார். அந்த வாசனையை நான் ரசித்தேன் என்று எழுதினால் அது பொய். ஜன்னலைத் திறக்க முடியாத குளிர். பல்லைக் கடித்துக்கொண்டு வெங்காயத் தோலைப் பொறுக்கிக்கொண்டிருந்தேன். அந்த அம்மாள் அதைக் கவனித்தும் கவனிக்காதவர் போலப் பேசிக்கொண்டே போனார்.

"இது தோள்பட்டைத் துண்டு. இடுப்புப் பக்கத்துத் துண்டை இதில் வைத்தால் செருப்புத் தோல் மாதிரி ஆகிவிடும். என் பாட்டி காலத்தில் எந்தத் துண்டை வைத்தாலும் மிருதுவாக வரும். பன்றி மாறிவிட்டது, சமையல் குறிப்பு மாறவில்லை."

அவர் சொன்னதில் ஒரு சரித்திரமே அடங்கியிருந்தது. முன்பெல்லாம் பன்றியை இறைச்சிக்கு மட்டுமல்ல, கொழுப்புக்காகவும் வளர்த்தார்கள். இரண்டாம் உலக யுத்தத்துக்குப் பிறகு சமையலுக்குத் தாவர எண்ணெய் பெருகிவிட்டது. பன்றிக் கொழுப்புக்கு மதிப்புப் போயிற்று. மெலிந்த ஜாதிகளைப் பார்த்து வளர்க்கலானார்கள். 1987ல், கோழியைப் போலப் பன்றியும் ஒரு வெள்ளை இறைச்சிதான் என்று பெரிய விளம்பரமே நடந்தது. கொழுப்பு குறைந்த இறைச்சி ஒன்றரை மணி நேரச் சூட்டைத் தாங்குமா? ஆனால் பழைய பயம் ஒன்று வழியில் நின்றது. பன்றி இறைச்சியில் ஒருவகை நுண்புழு இருக்கும், ஆகவே நன்றாக வெந்தே தீர வேண்டும் என்பது தலைமுறை தலைமுறையாக வந்த எச்சரிக்கை. அரசாங்க விவசாய இலாகா நெடுங்காலம் 160 டிகிரி என்று சொல்லிக்கொண்டிருந்தது. 2011ல்தான், முழுத் துண்டுகளானால் 145 டிகிரியும் பிறகு மூன்று நிமிஷ ஓய்வும் போதும் என்று இறங்கி வந்தது. அதனால், இடுப்புத் துண்டைப் போடுகிறவர்கள் கிழங்கு முக்கால்வாசி வெந்த பிறகு மேலே வைக்கிறார்கள். அந்த அம்மாளோ தோள்பட்டையை வாங்கிக்கொண்டு பாட்டியின் வழியிலேயே போனார். வாட்டிய துண்டுகளைக் கிழங்கின்மேல் வரிசையாகப் பரப்பி, அலுமினியக் காகிதத்தால் மூடி, இரண்டு பாத்திரங்களையும் 350 டிகிரி ஓவனுக்குள் தள்ளினார். மணி நாலே முக்கால்.

பிறகு அவர் செய்த காரியந்தான் எனக்கு ஆச்சரியமாக இருந்தது. கையைத் துடைத்துக்கொண்டு, மேஜை எதிரே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டார். "இனி ஒன்றரை மணி நேரம் எனக்கு வேலை கிடையாது. நடுவில் ஒருதரம் மூடியை எடுக்க வேண்டும், மேல்பக்கம் சிவப்பதற்காக. அவ்வளவுதான்," என்றார்.

அப்போது அவர் சொன்ன கதை இது.

ஏம்ஸுக்கு வடக்கே அவரும் அவருடைய கணவரும் பண்ணை வைத்திருந்தார்கள். சோளம் கொஞ்சம், பன்றி முன்னூறு. அந்தப் பக்கத்தில் பன்றிக்கு 'அடமானம் மீட்பான்' என்று ஒரு செல்லப் பெயர் உண்டாம். சோளம் காலை வாரினாலும் பன்றி கடனை அடைத்துவிடும். 1998 டிசம்பரில் அந்தப் பன்றியே காலை வாரிவிட்டது. நாடெங்கும் பன்றிகள் அளவுக்கு மீறிப் பெருகியிருந்தன; அறுத்துப் பதப்படுத்தும் ஆலைகளில் இடம் போதவில்லை. வளர்க்க ராத்தலுக்கு 35, 40 சென்ட் செலவாகிற மிருகம், ராத்தல் 10 சென்டுக்கு விலை போயிற்று. 250 ராத்தல் பன்றிக்கு 25 டாலர். ஆனால் கடையில் சாப்ஸின் விலை மட்டும் அந்தக் கணக்குப்படி இறங்கவில்லை. இவர்களைப் போலக் கைவிட்டவர்கள் ஒருவரா, இருவரா? 1980ல் அயோவாவில் பன்றி வளர்த்த பண்ணைகள் சுமார் 65,000. 2002ல் மிஞ்சியவை 10,000 அளவுதான். பன்றிகளின் தொகை என்னவோ குறையவில்லை. சொந்தக்காரர்களின் தொகைதான் குறைந்தது.

"கடைசி லாரி போன அன்று இரவு இதே சாப்பாட்டைத்தான் செய்தேன்," என்றார் அந்த அம்மாள். "அவருக்கு உயிர் இதில். தட்டைப் பார்த்தார். எடுத்துக்கொண்டு பின்கட்டுக் கொட்டகைக்குப் போய்விட்டார். மறுநாளும் அப்படியே. டிராக்டர் சாமான்களுக்கு நடுவில் ஒரு வாளியைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்து சாப்பிடுவார். குழந்தைகளுக்கு முன்னால் சாப்பிட வெட்கம். தான் சம்பாதித்ததில்லை என்று ஒரு எண்ணம்."

"நீங்கள் ஒன்றும் சொல்லவில்லையா?"

"என்ன சொல்வது? முழுப் பன்றியை 25 டாலருக்குக் கொடுத்துவிட்டுக் கடையில் போய்த் துண்டு வாங்க எனக்கும் மனம் வரவில்லை. வெறும் கிழங்கை மட்டும் செய்து வந்தேன். ஒரு வருஷம்."

மறு வருஷக் குளிர்காலத்தில் ஒருநாள் கணவர் வேலையிலிருந்து திரும்பும்போது, ஊர்க் கசாப்புக்காரரிடம் வாங்கிய பொட்டலம் ஒன்றை மேஜைமேல் வைத்தாராம். அப்போது அவர் வேறொருவரிடம் சம்பள வேலையில் இருந்தார். வைத்துவிட்டுக் கை கழுவப் போய்விட்டார். அந்த அம்மாள் அதைச் செய்தார். ஒன்றரை மணி நேரம் வீடெல்லாம் வாசனை. கணவர் கொட்டகைக்குப் போகவில்லை. சாப்பாடு வந்ததும் தம்முடைய பழைய நாற்காலியில் வந்து உட்கார்ந்தார்.

"ஏதாவது பேசினாரா?"

"மகனைப் பார்த்து, உப்பை இந்தப் பக்கம் தள்ளு என்றார்," என்று சொல்லிவிட்டு அந்த அம்மாள் எழுந்துபோய் ஓவனைத் திறந்து, மேலே மூடியிருந்த காகிதத்தை எடுத்துவிட்டு வந்தார். கண்ணாடியில் படிந்த ஆவியைத் துடைத்துக்கொண்டார். ஆவிதான் என்று நானும் நினைத்துக்கொண்டேன்.

நான் எங்கோ போய்விட்டேன். நம் சமையலுக்கு ஒரு குணம் உண்டு. சூடு தணியாமல் இலைக்கு வர வேண்டும். தோசையானால் கல்லிலிருந்து நேரே தட்டுக்கு. அப்பளமானால் எண்ணெயிலிருந்து நேரே இலைக்கு. அதில்தான் நமக்குப் பெருமை. ஆனால் அந்தப் பெருமைக்காக ஒருவர் நின்றுகொண்டே இருக்க வேண்டும். என் வீட்டில் அந்த ஒருவர் என் மனைவி. நாற்பத்தோரு வருஷம் எனக்குச் சாப்பாடு போட்டாள். அவள் காலமாகி அப்போது மூன்று வருஷம். அவள் தோசை வார்க்கும் முதுகு எனக்குத் தெரியும். குழம்பு விடும் கை தெரியும். சாப்பிடும்போது அவள் முகம் எப்படி இருக்கும் என்று யோசித்துப் பார்த்தேன். நினைவுக்கு வரவில்லை. "உனக்கு இருக்கிறதா?" என்று சில நாள் கேட்டதுண்டு. "இருக்கு, இருக்கு," என்பாள். இருந்ததா என்று நான் எட்டிப் பார்த்ததில்லை. என் நாவல்களில் பெண்களுக்காக எவ்வளவோ பரிந்து பேசியிருக்கிறேன். வாசகர்கள் கடிதம் எழுதிப் பாராட்டியிருக்கிறார்கள். என் வீட்டுப் பெண்ணை உட்காரச் சொன்னதில்லை.

அவள் இல்லாத பிறகும் என்ன செய்தேன்? அமெரிக்கா வந்தும் ஆறு மணிக்குத் தனி இலை போட்டுக்கொண்டேன். மருமகள் அலுவலகத்திலிருந்து ஓடிவந்து முதலில் எனக்கு ஒரு சமையல், பிறகு மற்றவர்களுக்கு ஒரு சமையல். எனக்குப் பரிமாறும்போதும் நின்றாள். அவர்களுக்குப் பரிமாறும்போது அவள் உட்கார்ந்தாளா என்பது மாடியில் இருந்த எனக்கு எப்படித் தெரியும்?

ஆறு மணி அடித்தது. மருமகள் வந்து, "மாமா, ரசம் சுட வைக்கட்டுமா?" என்று மெல்லக் கேட்டாள்.

"இப்போது வேண்டாம் அம்மா. கொஞ்சம் பொறு," என்றேன்.

ஆறேகாலுக்குப் பாத்திரங்கள் வெளியே வந்தன. ஓரமெல்லாம் பால் கொதித்துப் பொங்கிப் பழுப்பு விளிம்பு கட்டியிருந்தது. உடனே தொடக் கூடாதாம். பத்து நிமிஷம் அப்படியே விட்டால்தான் பால் கிழங்கோடு இறுகி நிற்கும். அந்தப் பத்து நிமிஷத்தில் பேரன் தட்டுகளை எடுத்துவைத்தான். பேத்தி ஒவ்வொரு நாற்காலியாக எண்ணி, "ஆறு," என்றாள். அந்த வீட்டில் நான் வந்த பிறகு மேஜையில் ஆறு தட்டு விழுந்ததில்லை. வழக்கமாக ஒன்று, பிறகு நான்கு. ஐந்துகூட விழுந்ததில்லை.

பாத்திரத்தை நடு மேஜையில் வைத்துவிட்டு அந்த அம்மாள் உட்கார்ந்தார். மருமகள் மட்டும் தண்ணீர்க் கூஜாவோடு நின்றாள்.

"நீயும் உட்கார் அம்மா," என்றேன்.

அவள் மகனைப் பார்த்தாள். மகன் என்னைப் பார்த்தான். நான் இந்தச் சொல்லை அதற்குமுன் யாரிடமும் சொன்னதில்லை என்பது அவனுக்குத் தெரியும். அவன் அம்மாவிடம் சொன்னதில்லை என்பதும் தெரியும். ஒன்றும் பேசாமல் பக்கத்து நாற்காலியை நகர்த்தினான். அவள் உட்கார்ந்தாள்.

என் கிண்ணத்துக் கிழங்கைச் சாப்பிட்டேன். இதமாக இருந்தது, ஆனால் அமிர்தம் என்று சொல்லமாட்டேன். எங்கள் நாக்குக்கு ஒரு பச்சை மிளகாயாவது வேண்டும். தவிர, பெரிய பாத்திரத்தில் இறைச்சியின் சாறும் கொழுப்பும் இறங்கிக் கிழங்கு ஊறியிருக்கும்; அந்தப் பண்டத்தின் சூட்சுமமே அதில்தான் இருக்கிறது என்று அந்த அம்மாளே சொன்னார். என் கிண்ணம் அந்த மட்டில் ஏழைதான். குழந்தைகள் இரண்டாந்தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்கள். எலும்பை ஒட்டியதைப் பேரன் கையால் எடுத்துக் கடித்தபோது நான் வேறு பக்கம் திரும்பிக்கொண்டேன். அவன் அதைப் பார்த்துவிட்டுச் சிரித்தான். நானும் சிரித்தேன். அதிகப் பேச்சு ஒன்றும் நடக்கவில்லை. யாரும் எழுந்து போகவில்லை, அதுதான் நடந்தது.

மறுநாள் யந்திரம் பழுது பார்க்கப்பட்டு அந்த அம்மாள் தம் வீட்டுக்குப் போனார். கண்ணாடிப் பாத்திரத்தை மட்டும், "குளிர் இன்னும் இருக்கிறது," என்று சொல்லி எங்களிடமே விட்டுவிட்டுப் போனார்.

அன்று மாலை ஆறு மணிக்கு மருமகள் கேட்டாள்: "மாமா, இலை போடட்டுமா?"

"ஏழு மணிக்கு எல்லோரோடும் உட்காருகிறேன்," என்றேன்.

அவள் தயங்கினாள். "இன்றைக்குக் கோழி, மாமா. வாசனை உங்களுக்கு ஒத்துக்கொள்ளுமா?"

"ஒத்துக்கொள்ளாது," என்றேன். "பழகிக்கொள்கிறேன். ரசத்தையும் அப்போதே மேஜைக்குக் கொண்டுவந்து வைத்துவிடு. ஆறினால் ஆறட்டும்."